ஆல்ஃபா ராஜாவும் ஓநாய் சுரமும்

மக்களே, ஒரு உண்மையைச் சொல்லிடறேன். ஸ்டடி ஹாலிடேஸ்ல நான் அதிகமா படிச்சது ஹீட் டிரான்ஸ்ஃபர் இல்ல, ஓநாய் ராஜா கதைகள்.

எங்க வீடு குன்னூர்ல. சாயங்காலம் ஆனா தேயிலைத் தோட்டம் முழுக்க மூடுபனி இறங்கிடும். போர்வைக்குள்ள மொபைல் வெளிச்சம் மட்டும். "படிக்கிறியா தங்கம்?"னு அம்மா கேட்பாங்க. "ஆமாம்மா"ன்னு சொல்வேன். பொய் இல்லையே!

இந்தக் கதைகள் எல்லாத்துக்கும் டெம்ப்ளேட் ஒண்ணுதான். ஹீரோ இளவரசன், பௌர்ணமி வந்தா ஓநாய், கூட்டத்துக்கே ஆல்ஃபா. ஹீரோயினோட வாசனையை வெச்சே இவ எனக்கானவன்னு முடிவு பண்ணிடுவான். அப்புறம் அவ யார்கூடப் பேசணும், எங்க போகணும் எல்லாமே அவன் இஷ்டம்.

ஒரு கதையில ஹீரோயின் செல்லோ வாசிப்பா. வயலினுக்குப் பெரியப்பா மாதிரி இருக்கும், உட்கார்ந்து முழங்காலுக்கு நடுவுல வெச்சு வாசிக்கறது. அவ வாசிச்சதையெல்லாம் நானும் தேடிக் கேட்டேன். பாக் எழுதின ஆறு சூட்கள், எல்கரோட 1919 கான்செர்ட்டோ. பாக் சூட்களோட நோட்டுப் புத்தகம் பாப்லோ கசால்ஸுக்கு 13 வயசுல பார்சிலோனாவுல ஒரு பழைய கடையில கிடைச்சுது. அதை அவர் முழுசா ரெக்கார்ட் பண்ணி முடிச்சது 1939-ல. கேட்டதும் கதையை விட இசை பிடிச்சுப் போச்சு.

ஆனா கதை உள்ளே போய் உட்கார்ந்துடுச்சு போல.

செகண்ட் இயர்ல ஒருத்தன் "நீ எனக்கு மட்டும்தான்"னு சொன்னப்போ எனக்குப் புல்லரிச்சுது. பாஸ்வேர்ட் கேட்டான், கொடுத்தேன். லேப் பார்ட்னரோட பேசினா சண்டை போட்டான், பேசறதை நிறுத்தினேன். பயமாத்தான் இருந்துது. ஆனா ஆல்ஃபான்னா இப்படித்தானேன்னு நினைச்சுக்கிட்டேன். "இது லவ் இல்லடி, ஜெயில்"னு ரூம்மேட் சொன்னா. அவகிட்ட ஒரு மாசம் பேசல. எட்டு மாசம் கழிச்சுத்தான் வெளியே வந்தேன்.

இந்த வருஷம் புராஜெக்ட் வைப்ரேஷன் சம்பந்தமா. லிட்டரேச்சர் சர்வேல ஒரு பேப்பர் தலைப்பைப் பார்த்துச் சிரிச்சுட்டேன். வயலின், செல்லோவோட 'ஓநாய் சுரம்' பத்தி 1916-ல நேச்சர் இதழ்ல வந்தது. எழுதினவர் நம்ம திருச்சியில பிறந்த சர் சி.வி. ராமன். அப்போ அவர் கல்கத்தாவுல நிதித்துறை அதிகாரி, ஆராய்ச்சியெல்லாம் ஆபீஸ் நேரம் போக.

விஷயம் இதான். செல்லோவோட மரப்பெட்டிக்குன்னு ஒரு நேச்சுரல் ஃப்ரீக்வென்சி உண்டு. வாசிக்கற சுரம் அதுக்குப் பக்கத்துல வந்தா, கம்பியோட எனர்ஜியைப் பெட்டி இழுத்துக்கும். கம்பி தடுமாறும், திரும்ப எழும், மறுபடி தடுமாறும். சுரம் நிக்காம உறுமும். அதுதான் ஓநாய். இதுக்கு வைத்தியம், பிரிட்ஜுக்குக் கீழே கம்பியில ஒரு சின்ன எடையை மாட்டறது. இல்லன்னா முழங்காலால பெட்டியை அழுத்திப் பிடிக்கணும். ஃப்ரீக்வென்சி ஒத்துப்போனாலே பொருத்தம்னு நினைச்ச எனக்கு இது செம அடி.

அடுத்த அடி நிஜ ஓநாய்கிட்டேர்ந்து. ஆல்ஃபாங்கற பேரைப் பிரபலமாக்கினதுல டேவிட் மெக்கோட 1970 புத்தகத்துக்குப் பெரிய பங்கு. ஆனா அந்த ஐடியா அதிகமும் கூண்டுல அடைச்ச ஓநாய்களைப் பார்த்து வந்தது. காட்டுல வருஷக்கணக்கா பார்த்துட்டு 1999-ல அவரே மாத்தி எழுதினார். கூட்டம்னா பெரும்பாலும் அப்பா, அம்மா, பிள்ளைங்க. ராஜாவும் இல்ல, சிம்மாசனமும் இல்ல. நம்ம முதுமலை செந்நாய்கள் கூட அப்படித்தான். குட்டிகளுக்கு மொத்தக் கூட்டமும் சேர்ந்து தீனி கொண்டுவரும், ஒண்ணையொண்ணு விசிலடிச்சுக் கூப்பிடும்.

ஓநாய் ராஜா கதை இன்னும் படிக்கிறேன், விடல. ஹீரோ உறுமினா மட்டும் ஸ்க்ரோல் பண்ணிடறேன். ரூம்மேட்கிட்ட ஸாரி கேட்டாச்சு.

போன லீவுல அம்மாவுக்கு எல்கர் போட்டுக் காட்டினேன். கொஞ்ச நேரம் கேட்டுட்டு, "யாரோ வெளியே சொல்ல முடியாம அழற மாதிரி இருக்கே"ன்னாங்க. அந்த எட்டு மாசத்தைப் பத்தி அவங்களுக்கு இன்னும் தெரியாது. இதழ் வந்ததும் லிங்க் முதல்ல அவங்களுக்குத்தான் போகும்.