நிலாவுக்கு ஒத்திகை பார்த்த மண்! - நாமக்கல் சித்தம்பூண்டி பாறையின் கதை

நாமக்கல் என்றதும் முட்டை, லாரி, ஆஞ்சநேயர் என்று வரிசையாக நினைவுக்கு வரும். பக்கத்துத் திருச்செங்கோடு என்றால் ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் வண்டிகள். இந்தப் பட்டியலில் சேர வேண்டிய இன்னொன்று, அதே மாவட்டத்தின் சித்தம்பூண்டி, குன்னமலை கிராமங்களில் வெயிலில் காய்ந்துகொண்டிருக்கிறது. அது ஒரு வெள்ளைப் பாறை.

தெரியாதவர்கள் அதைச் சுண்ணாம்புக் கல் என்றுதான் நினைப்பார்கள். வெளிர் சாம்பல் கலந்த வெள்ளை, ஆங்காங்கே கறுப்புப் புள்ளிகள். மரவள்ளியும் நிலக்கடலையும் விளையும் பூமியில், மண்ணுக்கு மேலே துருத்திக்கொண்டு நிற்கும் கல். ஆனால், சந்திரயான் லேண்டரும் ரோவரும் நிலவுக்குப் புறப்படும் முன் ஒத்திகை பார்த்தது இந்தக் கல்லின் தூளில்தான்.

வடை சுடும் பாட்டிக்குப் பக்கத்தில்...

இந்தப் பாறையின் பெயர் அனார்த்தோசைட். பௌர்ணமி இரவில் நிலாவைப் பார்த்தால் கறுப்பாகச் சில திட்டுகள் தெரியும். பாட்டி வடை சுடுகிறாள் என்று குழந்தைகளுக்குக் கதை சொல்கிறோமே, அந்தத் திட்டுகள்தான். அவை எரிமலைக் குழம்பு ஓடி உறைந்த சமவெளிகள். அங்கிருப்பது கருமையான பசால்ட் பாறை. அந்தத் திட்டுகளைச் சுற்றிப் பளிச்சென்று வெள்ளையாகத் தெரியும் பகுதிதான் நிலவின் மேட்டுநிலம். அந்த வெள்ளைக்குக் காரணம் அனார்த்தோசைட்.

சுமார் 450 கோடி ஆண்டுகளுக்கு முன்பு, பிறந்த புதிதில் நிலவு முழுக்கப் பாறைக் குழம்பால் மூடப்பட்டிருந்தது என்பது விஞ்ஞானிகளின் கணிப்பு. குழம்பு ஆற ஆற, கனமான கனிமங்கள் அடியில் தங்கின. கால்சியமும் அலுமினியமும் நிறைந்த லேசான கனிமம், கொதிக்கும் பாலில் ஆடை படிவதுபோல மேலே மிதந்து வந்து உறைந்தது. அதுவே நிலவின் மேலோடு.

பூமியிலும் அனார்த்தோசைட் பல இடங்களில் உண்டு. ஆனால், பெரும்பாலான இடங்களில் அதில் கால்சியம் குறைவு. சித்தம்பூண்டி பாறையில் கால்சியம் மிக அதிகம். அதனால்தான் அது நிலவின் பாறைக்கு நெருங்கிய சொந்தம். இதன் வயது 250 கோடி ஆண்டுகளுக்கு மேல். நாமக்கல், சேலம் மாவட்டத்தோடு சேர்ந்திருந்த 1956-லேயே இந்தப் பாறைத் தொகுதி பற்றி விரிவான ஆய்வுக் கட்டுரை வெளியாகிவிட்டது. புவியியல் மாணவர்களுக்கு அன்றிலிருந்தே இது பாடம். மற்றவர்களுக்குத் தெரிய வந்தது சந்திரயானால்தான்.

காற்றில்லாத ஊரின் மண்

நிலவில் இருப்பதை 'மண்' என்று சொல்வதே ஒரு வசதிக்காகத்தான். நம் வயல் மண் மழை, காற்று, வேர், மண்புழு, நுண்ணுயிர் எல்லாம் சேர்ந்து பதப்படுத்தியது. நிலவில் இவை எதுவும் இல்லை. விண்கற்கள் வந்து மோதி, பாறையை உடைத்து, உடைத்ததையே மறுபடி உடைத்து, கோடிக்கணக்கான ஆண்டுகளாக இடித்த மாவு அது. விஞ்ஞானிகள் அதை ரெகோலித் என்கிறார்கள். சமவெளிகளில் 4, 5 மீட்டர் ஆழத்துக்கும், மேட்டுநிலத்தில் 10 முதல் 15 மீட்டர் ஆழத்துக்கும் இது மூடியிருக்கிறது.

துகளின் சராசரி அளவு ஒரு மில்லிமீட்டரில் 10-ல் ஒரு பங்குக்கும் குறைவு. ஆற்று மணல் நீரில் உருண்டு உருண்டு மழுங்கிப்போனது. நிலவின் துகளை மழுங்கச் செய்ய ஆளில்லை. உடைந்த கண்ணாடிபோலக் கூர்மை. மோதலின் சூட்டில் உருகிய தூசி, பக்கத்துத் துகள்களை ஒட்டிக்கொண்டு கண்ணாடிக் கட்டிகளாகவும் கிடக்கிறது.

1972-ல் அப்போலோ 17-ல் சென்ற புவியியலாளர் ஹாரிசன் ஷ்மிட்டுக்கு, உடையில் ஒட்டி வந்த தூசியால் மூக்கடைப்பே வந்துவிட்டது. வெடித்த துப்பாக்கி மருந்தின் வாடை அடித்ததாகவும் வீரர்கள் சொன்னார்கள். விண்வெளி உடையை அரிக்கும், மூட்டுகளில் புகும், கருவியை மூடும். இப்படிப்பட்ட தரையில் ஒரு லேண்டர் கால் ஊன்ற வேண்டும், ரோவர் உருள வேண்டும். கால் புதைந்தால் அங்கே போய்த் தூக்கிவிட யாரும் இல்லை.

சேலத்தில் அரைத்து, பெங்களூரில் கொட்டி...

அதனால் ஒத்திகைக்கு நிலவு போன்ற தரை வேண்டும். அப்போலோ பயணங்கள் மொத்தமாகக் கொண்டுவந்தது 382 கிலோதான். அதில் ஒரு கைப்பிடி கேட்டாலும் கிடைக்காது. அமெரிக்காவில் அரிசோனா எரிமலைச் சாம்பலிலிருந்து செயற்கை நிலவு மண் தயாரித்தார்கள். அது கறுப்புச் சமவெளிக்கு ஒத்துப்போகும். இந்தியா இறங்க நினைத்ததோ தென் துருவத்தை ஒட்டிய மேட்டுநிலம். தேவையும் கிலோ கணக்கில் இல்லை, டன் கணக்கில்!

இஸ்ரோ விஞ்ஞானிகளோடு சேலம் பெரியார் பல்கலைக்கழகம், திருச்சி என்.ஐ.டி. ஆய்வாளர்கள் கைகோத்தார்கள். சித்தம்பூண்டி, குன்னமலை பாறைகள் தேர்வாயின. கல்லை வெட்டி எடுத்து, சேலத்தில் நொறுக்கி அரைத்து, நிலவு மண்ணின் அளவுகளுக்கு ஏற்பச் சலித்துக் கலந்தார்கள். 50 டன்னுக்கும் மேல் பெங்களூரு போய்ச் சேர்ந்தது. முதலில் போட்ட கணக்கு சுமார் 25 கோடி ரூபாய். வேலை செய்து கொடுத்தவர்கள் கட்டணம் வாங்காததால் செலவு வெகுவாகக் குறைந்தது.

பெங்களூரு இஸ்ரோ வளாகத்தில் ஒரு கூடத்தில் அந்தத் தூளைக் கொட்டி, பள்ளங்கள் தோண்டி, நிலவின் வெளிச்சத்தையும் அமைத்தார்கள். அங்கே ஈர்ப்பு விசை பூமியில் 6-ல் ஒரு பங்கு என்பதால், ரோவரின் எடையைக் குறைக்க ஹீலியம் பலூனில் கட்டி ஓட்டிப் பார்த்தார்கள். இந்த மண்ணைத் தயாரிக்கும் முறைக்கு 2020-ல் இஸ்ரோவுக்குக் காப்புரிமையும் கிடைத்தது.

நிலா கொடுத்த பதில்

2019 செப்டம்பரில் சந்திரயான் 2-ன் லேண்டர் கடைசி நிமிடங்களில் நிலவில் மோதியது. தரையைத் தொட்டு ஓடும் வாய்ப்பே ரோவருக்குக் கிடைக்கவில்லை. ஒத்திகை பார்த்த பாடத்தை மேடையேற்ற 2023 ஆகஸ்ட் 23 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அன்று மாலை, விழுப்புரத்துக்காரரான வீரமுத்துவேல் திட்ட இயக்குநராக இருந்த சந்திரயான் 3, தென் துருவத்தை ஒட்டிய பகுதியில் பத்திரமாக இறங்கியது.

பிரக்யான் ரோவர் 23 இடங்களில் மண்ணைச் சோதித்தது. அந்த மண், இரும்பு கலந்த அனார்த்தோசைட் வகையோடு ஒத்துப்போனது. ஆதியில் நிலவைப் பாறைக் குழம்பு மூடியிருந்தது என்ற கணிப்புக்கு இது இன்னொரு சான்று. கூடவே, ஒத்திகைக்கு நாமக்கல் கல்லைத் தேர்ந்தெடுத்தது சரிதான் என்பதும் உறுதியானது.

ஒரு வித்தியாசத்தையும் சொல்லியாக வேண்டும். சித்தம்பூண்டி பாறையின் கறுப்புப் புள்ளிகளான கனிமத்துக்குள் நீரின் கூறு சிக்கியிருக்கிறது. நிலவின் அனார்த்தோசைட்டோ கிட்டத்தட்ட எலும்பு காய்ந்த வறட்சி. நெருங்கிய சொந்தம்தான், ஆனால் இரட்டைப் பிள்ளைகள் இல்லை.

மூச்சு, வீடு, சோறு

இந்த மண்ணால் என்ன பயன்? முதலில் மூச்சுக்காற்று. நிலவு மண்ணின் எடையில் 40 சதவிகிதத்துக்கு மேல் ஆக்சிஜன். ஆனால், அது கனிமங்களோடு இறுகப் பிணைந்திருக்கிறது. பிரித்தெடுக்க அதிக வெப்பமும் மின்சாரமும் வேண்டும். பிரித்தால் ராக்கெட்டுக்கும் உதவும். மிச்சமாக அலுமினியம், இரும்பு போன்ற உலோகங்களும் கிடைக்கும்.

அடுத்தது வீடு. சந்திரயான் 3 இறங்கிய இடத்தில் மேற்பரப்பில் 50 டிகிரிக்கு மேல் வெப்பம். வெறும் 8 சென்டிமீட்டர் ஆழத்தில் மைனஸ் 10 டிகிரி! அவ்வளவு நல்ல வெப்பத் தடுப்பு அந்த மண். செயற்கை நிலவு மண்ணில் பாக்டீரியா, யூரியா, கொத்தவரை இனத்துப் பிசின் கலந்து செங்கல் செய்யும் வழியை இஸ்ரோவும் பெங்களூரு இந்திய அறிவியல் கழகமும் 2020-ல் காட்டின.

மூன்றாவது சோறு. 2022-ல் புளோரிடா பல்கலைக்கழகத்தில், உண்மையான அப்போலோ மண்ணில் கடுகு குடும்பத்துச் செடி ஒன்று முளைத்தது. வளர்ந்ததே தவிர, செழிக்கவில்லை. அந்தச் சோதனைக்குக் கிடைத்த மண் 12 கிராம்தான். அதற்கே 11 ஆண்டுகளில் மூன்று முறை விண்ணப்பிக்க வேண்டியிருந்தது.

எதிர்கால எரிபொருள் என்று பேசப்படும் ஹீலியம் 3-ம் அங்கே உண்டு. ஆனால், 100 கோடியில் சில பங்குகள் மட்டுமே. மலையளவு மண்ணை வறுத்தால்தான் கொஞ்சம் தேறும்.

அசல் மண் இத்தனை அரிது என்பதால்தான், அதற்குப் பதிலாக நிற்கும் பாறைக்கு மதிப்பு. சித்தம்பூண்டி பக்கம் போகிறவர்கள், பட்டா நிலத்தில் கால் வைக்கும் முன் உரிமையாளரிடம் ஒரு வார்த்தை கேட்பது மரியாதை. கல்லைத் தொட்டுப் பார்க்கலாம், படம் எடுக்கலாம், பெயர்த்து எடுக்க வேண்டாம். உருவாக 250 கோடி ஆண்டுகள் பின்னால் போக வேண்டிய பாறை, இன்னொரு முறை விளையாது.

நிலவு மண்ணை அள்ளிவரும் சந்திரயான் 4 திட்டத்துக்கு 2024 செப்டம்பரில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்துவிட்டது. அந்த மண் இந்தியா வந்து சேரும்போது, ஒப்பிட்டுப் பார்க்கச் சித்தம்பூண்டியின் கல்லும் பக்கத்தில் இருக்க வேண்டும்.