பச்சை விளக்கு எரிஞ்சுது, பேக்கப் எடுக்கல

இது மருந்து பத்தின த்ரெட் இல்ல. ஆனா ஒரு மாத்திரையில்தான் ஆரம்பிக்குது. கொஞ்சம் நீளம், பொறுத்துக்கோங்க.

போன ஜூன்ல ஒரு நாள் நான் ஊர்ல இல்ல. கிளினிக்கை ஜூனியர் டாக்டர் பார்த்துக்கிட்டாங்க. அறுபது வயசு தாண்டிய ஒருத்தர், யூரிக் ஆசிட் கூடின ரிப்போர்ட்டோட வந்திருக்கார். கம்ப்யூட்டரில் அவர் பக்கத்தைத் திறந்தா அலர்ஜி கட்டம் காலி. வழக்கமா கொடுக்கிற அலோப்யூரினால் எழுதப் போறாங்க. பக்கத்துல இருந்த அவர் மனைவி, "டாக்டரம்மா, இதே மூட்டு வீக்கத்துக்கு முன்ன ஒரு ஆஸ்பத்திரியில கொடுத்த மாத்திரையில்தான் இவருக்கு வாயெல்லாம் புண்ணாகி உடம்பு பூரா தடிச்சுப் போச்சு"ன்னு சொல்லியிருக்காங்க. அந்த அம்மா சொல்லலைன்னா சீட்டு எழுதியாகியிருக்கும்.

அலோப்யூரினால் நல்ல மருந்துதான். ஆனா வெகு சிலருக்குத் தோலே உரிஞ்சு போற அளவுக்கு ஒவ்வாமை வரும். ஒரு தடவை வந்தவருக்குத் திரும்பக் கொடுத்தா உயிருக்கே ஆபத்து. இந்த விஷயத்தை மார்ச் மாசமே அவர் பக்கத்தில் சிவப்பு எழுத்துல நானே டைப் பண்ணி வெச்சேன். கம்ப்யூட்டரில்தான் மார்ச் மாசமே இல்ல.

எப்படின்னு சொல்றேன்.

மே கடைசியில் ஒரு இடி மழையில் எங்க கம்ப்யூட்டர் போச்சு. மதர்போர்டும் ஹார்ட் டிஸ்க்கும் சேர்ந்தே. நான் பதறல. வெளி ஹார்ட் டிஸ்க்ல தினமும் ராத்திரி பேக்கப் ஓடுதே! பச்சை விளக்கு எரியறதை நானே தினம் பார்த்திருக்கேனே. டிஸ்க்குக்குக் கரண்ட் வந்தாலே அந்த விளக்கு எரியும்னு அப்புறம்தான் தெரிஞ்சுது.

அந்த பேக்கப் மென்பொருள் ஒரு வருஷ சந்தா. சிஸ்டம் போட்டுக் கொடுத்த தம்பி அவசரத்துல தன் இமெயிலையே கொடுத்துப் பதிவு பண்ணியிருக்கார். ஜனவரியில் சந்தா முடிஞ்சிருக்கு. "புதுப்பிக்கவும்"னு வந்த மெயிலெல்லாம் அவருக்குப் போயிருக்கு. அவர் துபாய்க்கு வேலைக்குப் போய் ஆறு மாசம் ஆச்சு. அவரைக் குறை சொல்ல மாட்டேன். பில்லை வாங்கிப் பார்க்காம பணம் கொடுத்தவன் நான்.

புது கம்ப்யூட்டர் வாங்கி, சந்தாவையும் கட்டி, கீயைப் போட்டா "இந்த உரிமம் வேறொரு கணினியில் உள்ளது"ன்னு வருது. இந்த மாதிரி லைசென்ஸ் நம்ம பேருக்குக் கிடையாதுங்க, அந்த இயந்திரத்துக்குத்தான். மெஷினை மாத்தறதுக்கு முன்னாடி பழையதில் டீஆக்டிவேட் பண்ணணும். செத்துப் போன கம்ப்யூட்டரில் எதை டீஆக்டிவேட் பண்றது? கம்பெனி போர்ட்டலில் போய் விடுவிக்கணும். போர்ட்டலுக்குள்ள போக ஓடிபி. அது துபாய்க்குப் போகுது. ரெண்டு நாள் இதிலேயே போச்சு.

இதில் கொடுமை என்னன்னா, பல மென்பொருள்களில் லைசென்ஸ் முடிஞ்சா புது பேக்கப்தான் நிக்கும், ஏற்கெனவே எடுத்ததை மீட்கறதுக்குத் தடை இருக்காது. எங்களுதும் அப்படித்தான். அதுக்குன்னே ஒரு பூட் பென்டிரைவ் செஞ்சு வெச்சிருந்தா அன்னைக்கே திறந்திருக்கலாம்.

திறந்தப்போ கடைசித் தேதி ஜனவரி. நாலு மாசம் காலி.

வரவேற்பில் இருக்கிறவங்ககிட்ட "எல்லார்கிட்டயும் பழைய சீட்டைக் கேளுங்க"ன்னு சொன்னேன். ஜூனியர் டாக்டர்கிட்ட சொல்ல மறந்துட்டேன். அதுதான் ஜூன்ல நடந்தது.

உங்களுக்குக் கிளினிக் இருக்கணும்னு இல்ல. கடையில டேலி ஓடுதா? குழந்தை போட்டோவெல்லாம் ஒரே லேப்டாப்லயா? அப்போ இதுவும் உங்க கதைதான்.

லைசென்ஸ் உங்க பேர்ல, உங்க இமெயில்ல இருக்கான்னு இன்னைக்கே பாருங்க. கீயையும் பில்லையும் பேப்பரில் அச்செடுத்து வீட்டு பத்திரத்தோட வைங்க. பேக்கப்புக்குத் தனி பாஸ்வேர்டு போட்டிருந்தா அதையும் எழுதி வைங்க. அது தொலைஞ்சா நல்ல மென்பொருள் எதிலும் கம்பெனிக்காரனாலேயே திறக்க முடியாது. வாங்கும்போது சந்தாவா, நிரந்தர உரிமமான்னு கேளுங்க. நிரந்தரம்னாலும் அப்டேட்டும் உதவியும் பெரும்பாலும் குறிப்பிட்ட காலத்துக்குத்தான். நெட் இல்லாத கம்ப்யூட்டர்னா பலதில் ஆஃப்லைன் ஆக்டிவேஷன் உண்டு: அது கொடுக்கிற கோப்பை பென்டிரைவில் எடுத்துப் போய் நெட் உள்ள இடத்தில் பதிவு பண்ணி, பதில் கோப்பைக் கொண்டு வந்து போடணும்.

"சார், கிராக் வெர்ஷன் இருக்கு"ன்னு ஒருத்தர் சொன்னார். ஆன்ட்டிவைரஸை அணைச்சுட்டுப் போடணுமாம். பூட்டைக் கழட்டிட்டு வாட்ச்மேன் வைக்கற கதை. காசு இல்லைன்னா இலவசமாவே உண்டு. வீம் கம்யூனிட்டி எடிஷன் 10 கணினி வரைக்கும் இலவசம். அர்பேக்கப் முழுக்கத் திறந்த மூலம், கீயே கேட்காது.

டெல்லி எய்ம்ஸ் சர்வர்களை 2022 நவம்பரில் ரான்சம்வேர் முடக்கினது ஞாபகம் இருக்கா? ரெண்டு வாரம் போல பேப்பரில்தான் வேலை பார்த்தாங்க. இ-ஹாஸ்பிடல் தகவல்கள் திரும்பக் கிடைச்சது பாதிக்கப்படாத ஒரு பேக்கப் சர்வரிலிருந்துதான்.

இப்போ மாசத்துல முதல் ஞாயிறு நானே உட்கார்ந்து ஏதாவது ஒரு நோயாளியோட ஃபைலை பேக்கப்பிலிருந்து மீட்டுப் பார்க்கிறேன். பத்து நிமிஷ வேலை. சந்தா முடியற தேதி, ஆக்சிஜன் சிலிண்டர் மாத்தற தேதிக்குப் பக்கத்துல சுவர் காலண்டரில் இருக்கு.

அந்தப் பெரியவர் அடுத்த வாரம் ரிவ்யூக்கு வர்றார். அவர் சட்டைப் பையில் ஒரு கார்டு, லேமினேட் பண்ணது, மருந்து பேர் பெரிய எழுத்துல. அந்த அம்மா கைப்பையில் இன்னொண்ணு.