முதற்பாலின் கடமை

அரபு மொழியில் ‘லிபஃ’ என்றொரு சொல் உண்டு. மகவு ஈன்ற தாயின் மார்பில் முதன்முதலாகச் சுரக்கும், மஞ்சள் நிறம் கலந்த கெட்டியான பாலுக்கு அது பெயர். தமிழில் நாம் சீம்பால் என்கிறோம். ஷாஃபிஈ மத்ஹபின் சட்ட நூல்களை ஓதியவர்கள் இச்சொல்லை அறிவார்கள். ஹிஜ்ரி 676இல், அதாவது கி.பி. 1277இல் மறைந்த இமாம் நவவீ (ரஹ்) அவர்கள் தமது ‘மின்ஹாஜுத் தாலிபீன்’ என்னும் நூலில், குடும்பத்தாரைப் பேணும் செலவு பற்றிய பகுதியிலே, தாய் தன் பிள்ளைக்கு லிபஃ எனும் இம்முதற்பாலைப் புகட்டுவது அவள் மீது கடமை என்று வகுத்துரைக்கிறார்கள். அதற்குப் பின் ஊறும் பாலைப் பற்றிய சட்டம் வேறு. பாலூட்ட மற்றொரு பெண் கிடைத்தால் தாய் விலகிக்கொள்ள அங்கே இடமுண்டு. முதற்பாலுக்கு மட்டும் அந்த விலக்கு இல்லை. இப்பாலின்றிப் பிள்ளை பெரும்பாலும் பிழைப்பதில்லை என்று விரிவுரையாளர்கள் அதற்குக் காரணம் கூறுகிறார்கள். எத்தனை நாள் புகட்ட வேண்டும் என்ற வினாவுக்கு, அத்துறையில் பழக்கமும் அறிவும் உடையோரிடம் கேட்டு நடக்குமாறு பிற்கால அறிஞர்கள் எழுதி வைத்தார்கள்.

இப்பாடத்தை மாணவர்களுக்கு நடத்துந்தோறும் எனக்கொரு வியப்பு எழும். இவ்வளவு அழுத்தமாகச் சட்டம் வகுக்கப்பட்ட ஒரு பாலை, நம் இல்லங்கள் சிலவற்றில் ‘பழைய பால், பிள்ளைக்கு ஆகாது’ என்று பீய்ச்சிக் கொட்டினார்களே, அது எங்ஙனம் நேர்ந்தது? கொட்டும் வழக்கம் இன்று குறைந்துவிட்டது. ஆயினும், பிறந்தவுடன் கொடுக்காமல் காலந்தாழ்த்தும் வழக்கம் முற்றிலும் மறையவில்லை. அந்தத் தாமதம் ஒரு பச்சிளங் குழந்தையை எவ்வாறு தாக்கும் என்பதை, துறை அறிந்தோர் சொல்லக் கேட்டும் படித்தும் தெரிந்துகொண்ட அளவில் இங்கே எழுதுகிறேன்.

கருவறையில் இருக்கும் பிள்ளைக்குப் பசி கிடையாது. தாயின் இரத்தத்திலுள்ள சர்க்கரை நஞ்சின் வழியாகத் தொப்புள்கொடியில் இரவும் பகலும் இடையறாது பாய்கிறது. கொடியை அறுத்த கணத்தில் அந்த ஊற்று நின்றுவிடுகிறது. அதன் பின் ஓரிரு மணி நேரத்தில் குழந்தையின் இரத்தச் சர்க்கரை தாழ்கிறது. இது எல்லாக் குழந்தைகளுக்கும் நேர்வது. நிறைமாதத்தில் நலமாகப் பிறந்த பிள்ளைக்கு இதனால் கேடில்லை. கருவின் கடைசி வாரங்களில் அதன் கல்லீரல் சேமித்து வைத்த சர்க்கரை கரைந்து இரத்தத்தில் கலக்கும்; உடற்கொழுப்பும் எரிபொருளாகும். அதற்குள் தாயின் முதற்பால் வந்து சேர்ந்தால் கணக்கு நேராகிவிடும்.

கையிருப்பு இல்லாத பிள்ளையின் நிலை வேறு. 37 வாரம் நிறையுமுன் பிறந்த குழந்தை, எடை குறைந்த குழந்தை, பிறக்கையில் மூச்சுத் திணறிய குழந்தை, குளிரில் விறைத்த குழந்தை, கிருமி தாக்கிய குழந்தை ஆகியோருக்குச் சேமிப்புக் குறைவு, அல்லது செலவு மிகுதி. இவர்களைக் கண்டால் எவரும் அஞ்சிக் கவனிப்பார்கள். நம் கவனத்திற்குத் தப்புவது இன்னொரு வகை. அதுவே கொழுகொழுவென்று நான்கு கிலோ எடையுடன் பிறந்து, காண்போர் அனைவரும் ‘மாஷா அல்லாஹ்’ என்று வாழ்த்தும் குழந்தை.

தாய்க்குச் சர்க்கரை நோய் இருந்தால் பிள்ளைக்கும் சர்க்கரை மிகும் என்றே பலர் எண்ணுகிறார்கள். பிறந்த பின் நிகழ்வது அதற்கு நேர்மாறானது. தாயின் இரத்தத்தில் மிகுந்த சர்க்கரை கருவுக்கும் மிகுதியாகப் பாய்கிறது. அதைச் சமாளிக்கக் கருவின் கணையம் இன்சுலினை அதிகமாகச் சுரந்து பழகிவிடுகிறது. பிள்ளை பருத்து வளர்வதும் அதனாலேயே. கொடி அறுந்ததும் வரவு நின்றுபோகிறது. கணையமோ பழைய வேகத்திலேயே சுரந்துகொண்டிருக்கிறது. இருக்கும் சர்க்கரையும் விரைவில் தீர்ந்துவிடுகிறது. ஆகவேதான் கருவுற்ற பெண்களுக்கு 75 கிராம் குளுக்கோஸ் கரைத்துக் கொடுத்து, 2 மணி நேரம் கழித்து இரத்தத்தைச் சோதிக்கிறார்கள். அளவு 140ஐத் தொட்டாலோ தாண்டினாலோ அது கர்ப்பகாலச் சர்க்கரை நோய். இந்தச் சீட்டு, பிறக்கப்போகும் பிள்ளைக்கான எச்சரிக்கையுமாகும்.

சில ஆண்டுகளுக்கு முன் வெளியூரிலுள்ள ஒரு மருத்துவ விடுதிக்கு என்னை அழைத்தார்கள். முன்னிரவில் பிறந்த குழந்தைக்குப் பாங்கு சொல்லித் தஹ்னீக் செய்ய வேண்டும். ஸுப்ஹு தொழுதுவிட்டுச் சென்றேன். “ஹஜ்ரத், பிள்ளை ராத்திரியிலிருந்து அழவே இல்லை. எவ்வளவு சமத்து பாருங்க” என்று பாட்டியார் பூரிப்புடன் என் மடியில் கிடத்தினார்கள். நான்கு கிலோவுக்கு மேற்பட்ட ஆண் குழந்தை. ஆனால் அதன் கால் என் கைக்குச் சில்லென்றிருந்தது. உதட்டைத் தொட்டால் வாய் திறக்கவில்லை. கையைத் தூக்கி விட்டால் துணி போல விழுந்தது. பால் குடித்ததா என்று கேட்டேன். “ஹஜ்ரத் தஹ்னீக் செய்கிற வரைக்கும் வாயில் ஒன்றும் படக்கூடாதே” என்றார்கள். பிறந்து ஏழு மணி நேரம் ஆகியிருந்தது. தாய் கணவருடன் சென்னையில் இருந்தவர். பேறுகாலத்துக்காகப் பிறந்த ஊர் வந்தவர். சர்க்கரை இருந்ததைக் காட்டும் சீட்டு சென்னையிலேயே தங்கிவிட்டது.

“தஹ்னீக் பிறகு ஆகட்டும், முதலில் பிள்ளையை நர்ஸம்மாவிடம் கொடுங்கள்” என்றேன். குதிகாலில் ஊசியால் குத்தி ஒரு சொட்டு இரத்தம் எடுத்தார்கள். சர்க்கரை 26 என்று காட்டியது. மருத்துவர் விரைந்து வந்து, குளுக்கோஸ் நீரை நரம்பு வழியாக ஏற்றினார். அல்லாஹ்வின் அருளால் அன்று மாலையே அக்குழந்தை வீறிட்டு அழுதது.

பிறந்த குழந்தையின் இரத்தச் சர்க்கரை 100 மில்லிலிட்டருக்கு 40 முதல் 45 மில்லிகிராமுக்குக் கீழே தாழ்ந்தால் மருத்துவர்கள் விழிப்படைகிறார்கள். எல்லை இடத்துக்கிடம் சற்று வேறுபடும். அளவு மிகத் தாழ்ந்து நெடுநேரம் நீடித்தால் மூளை பாதிக்கப்படும். பிற்காலத்தில் வலிப்பு, பார்வைக் குறைவு, வளர்ச்சிக் குறைவு ஆகியவை வரலாம். ஓரிரு மணி நேரக் கவனக்குறைவின் விலை ஓர் ஆயுட்காலம் முழுதும் நீள்வது இவ்வாறுதான்.

அடையாளங்களைத் தாய்மார்கள் மனத்தில் இருத்த வேண்டும். எழுப்பினாலும் எழாத அயர்ந்த தூக்கம், பால் இழுக்க மறுத்தல், துவண்ட கைகால், ஈனமான அல்லது கீச்சென்ற அழுகை, உடல் குளிர்தல், கைகால் நடுக்கம், உடலோ உதடோ நீலம் பாய்தல், மூச்சு இடையில் நிற்றல், வலிப்பு ஆகியவை அவை. இவற்றுள் ஒன்று தென்பட்டாலும் உடனே மருத்துவரிடம் சொல்ல வேண்டும். எந்த அடையாளமும் காட்டாமலே சர்க்கரை தாழ்ந்திருக்கும் குழந்தைகளும் உண்டு. எனவேதான் மேற்சொன்ன ஆபத்துள்ள பிள்ளைகளைக் குதிகாலில் மீண்டும் மீண்டும் குத்திப் பார்க்கிறார்கள். ‘பிஞ்சுக் காலை ஏன் புண்ணாக்குகிறீர்கள்’ என்று தடுக்காதீர்கள். அந்தச் சிறு வலி பெரிய வலியைத் தடுக்கிறது.

தடுக்கும் வழியோ மிக எளியது. பிறந்த பிள்ளையைத் துடைத்து, தாயின் மார்போடு தோலும் தோலும் படக் கிடத்திப் போர்த்த வேண்டும். குளிர்ந்த உடல் சர்க்கரையை விரைவாகச் செலவழிக்கும். தாயின் சூடு அதைக் காக்கும். 24 மணி நேரம் வரை குளிப்பாட்டாமல் இருக்கும்படி உலக சுகாதார நிறுவனம் கூறுகிறது. முதல் ஒரு மணி நேரத்துக்குள் முதற்பால் புகட்ட வேண்டும். அறுவை மூலம் பிறந்த பிள்ளைக்கும் இயன்றவரை இதுவே விதி. பின்னர் 2, 3 மணிக்கொரு முறை, உறங்கினாலும் எழுப்பிப் பாலூட்ட வேண்டும். உறிஞ்ச வலுவில்லையெனில், பாலைக் கையால் பீய்ச்சிப் பாலாடையில் புகட்டலாம். ‘பால் ஊறவில்லை’ என்று கலங்க வேண்டாம். முதல் நாள் சுரப்பது சில தேக்கரண்டிகளே. சுண்டைக்காய் அளவான அந்த வயிற்றுக்கு அதுவே போதும். இவ்வளவும் செய்தும் அளவு தேறாதபோது மருத்துவர் குளுக்கோஸ் ஏற்றுவார். அதை நோயின் முற்றல் என்று அஞ்ச வேண்டியதில்லை. பெரும்பாலும் சில நாட்களில் சீராகிவிடும்.

இனி, அந்த வீட்டார் என்னிடம் கேட்ட கேள்விக்கு வருகிறேன். “பால் முந்திவிட்டால் ஸுன்னத் தவறிப்போகாதா?” அன்னை அஸ்மா (ரலி) அவர்கள் குபாவில் தம் மகன் அப்துல்லாஹ்வைப் பெற்றெடுத்து, பெருமானார் (ஸல்) அவர்களின் மடியில் கிடத்தியதும், அண்ணலார் பேரீச்சங்கனியை மென்று அம்மகவின் வாயிலிட்டதும், அதன் வயிற்றில் முதலில் சேர்ந்தது அண்ணலாரின் உமிழ்நீரே என்பதும் ஹதீஸில் வந்துள்ளன. அது அக்குழந்தை பெற்ற பேறு பற்றிய செய்தி. தஹ்னீக் செய்பவர் வரும்வரை பிள்ளையைப் பட்டினி போடுங்கள் என்ற கட்டளை அதில் இல்லை. ஸுன்னத்தைப் பேணுவதற்காகக் கடமையைத் தள்ளிவைப்பது எந்தச் சட்ட நூலில் உள்ளது? பேரீச்சங்கனியைப் பற்றி மர்யம் அத்தியாயம் கூறுமிடத்திலும், அதை உண்ணுமாறு பணிக்கப்பட்டவர் ஈன்ற தாயேயாவார் என்பதை எண்ணிப் பாருங்கள்.

மற்றொன்றும் சொல்ல வேண்டும். நியூசிலாந்தின் ஹாமில்டன் நகரில், சர்க்கரை தாழ்ந்த குழந்தைகளின் கன்னத்தின் உட்புறத்தில் குளுக்கோஸ் களிம்பைத் தடவிப் பாலூட்டி ஆராய்ந்தார்கள். அதன் பயன் 2013இல் ‘லான்செட்’ இதழில் வெளியாயிற்று. உடனே, ‘தஹ்னீக்கை விஞ்ஞானம் மெய்ப்பித்துவிட்டது’ என்று நம்மவர் சிலர் எழுதலானார்கள். அந்தக் களிம்பு நூற்றுக்கு 40 பங்கு செறிவுள்ளது. குழந்தையின் எடைக்கேற்ப அளந்து தடவப்படுவது. பின்னர் இரத்தம் மீண்டும் சோதிக்கப்படும். விரல் நுனியளவு பேரீச்சங்கூழ் அந்த மருந்தாகாது. தஹ்னீக் நபிவழி என்பதே அதன் சிறப்புக்குப் போதும். அதற்கு விஞ்ஞானத்தின் நற்சான்று தேவையில்லை. அதை மருந்தென்று நம்பி மருத்துவரைத் தவிர்ப்பவர், ஸுன்னத்துக்கும் அவப்பெயர் தேடித் தருகிறார். செய்பவர் சளி, இருமல், வாய்ப்புண் இல்லாதவராயிருப்பதும், மிகச் சிறிதே தடவுவதும் பொறுப்பாகும்.

சேனை என்று சீனித் தண்ணீர் ஊற்றும் வழக்கமும் வேண்டாம். அது பிஞ்சு வயிற்றை நிரப்பிப் பால் உறிஞ்சும் ஆவலைக் கெடுக்கும். ஏறிய சர்க்கரையும் விரைவில் இறங்கிவிடும். தேனில் நிவாரணம் உண்டென்பது நம் ஈமான். எனினும் ஓராண்டு நிறையாத குழந்தைக்குத் தேன் கொடிய நச்சுநோயை உண்டாக்கக்கூடும் என்று மருத்துவர்கள் தடுக்கிறார்கள். நிவாரணமும் உரிய வயதில் உரியவர்க்கே.

தந்தையர்க்கும் ஒரு சொல். பேறுகாலத்துக்கு மனைவியை அனுப்பும்போது சோதனைச் சீட்டுகளையும் மறவாமல் அனுப்புங்கள். பிள்ளை பிறந்தது எத்தனை மணிக்கு என்று கேட்கும் உங்கள் நா, முதற்பால் குடித்தது எத்தனை மணிக்கு என்றும் கேட்கட்டும். பெயர் சூட்டலுக்கும் அகீகாவுக்கும் ஏழாம் நாள்வரை அவகாசமுண்டு. லிபஃ மட்டும் முதல் மணி நேரத்தின் கடமை. நம் மக்கள் அனைவரையும் வல்ல நாயன் நிறைந்த உடல்நலத்தோடும் தெளிந்த அறிவோடும் வாழச் செய்வானாக. ஆமீன்.