ஆம்ஸ்ட்ராங் வீட்டு வக்கீல்

நம் பள்ளிக்கூடங்களில் ஆபிரகாம் லிங்கன் பெயரால் ஒரு கடிதம் வெகுகாலமாகச் சுற்றி வருகிறது. மகனின் ஆசிரியருக்கு அவர் எழுதியது என்பார்கள். ஆண்டு விழாவில் வாசிப்பார்கள், கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டுவார்கள். அவர் எழுதினார் என்பதற்கு ஆதாரமே கிடையாது. அந்தக் கடிதத்தின் மேல் எனக்குக் கோபம் ஒன்றுமில்லை. ஆனால் பிள்ளைகளுக்குச் சொல்ல அதைவிட நல்ல கதை, ஜனாதிபதி ஆவதற்கு முந்தைய லிங்கனின் வாழ்க்கையில் இருக்கிறது.

1831-ல் இலினாய் மாநிலத்தின் நியூ சேலம் என்ற சின்ன ஊருக்கு வந்தபோது அவருக்கு வயது 22. பள்ளிக்கூடம் போன நாட்களையெல்லாம் கூட்டினாலும் ஓராண்டு தேறாது. கடையில் சிப்பந்தி வேலை. பக்கத்து ஊர் முரட்டு இளைஞர்களின் தலைவன் ஜாக் ஆம்ஸ்ட்ராங் இந்த நெட்டையரை மல்லுக்கு அழைத்தான். யார் ஜெயித்தார் என்பதில் ஆளுக்கொரு பேச்சு. அதன்பின் இருவரும் நண்பர்களாகிவிட்டார்கள் என்பதில் மட்டும் பேதமில்லை. ஜாக்கின் மனைவி ஹானா, லிங்கனுக்குச் சாப்பாடு போட்டார், கிழிந்த உடுப்பைத் தைத்துக் கொடுத்தார்.

மறு ஆண்டு பிளாக் ஹாக் யுத்தம் வந்தது. தங்கள் பூர்வீக மண்ணுக்குத் திரும்பிய சாக் பழங்குடி மக்களை விரட்டியடித்த யுத்தம் அது; அதில் பெருமைப்பட எதுவும் இல்லை. தொண்டர் படையில் தலைவரை வீரர்களே தேர்ந்தெடுப்பார்கள். அவர்கள் லிங்கனைக் கேப்டனாக்கினார்கள்; ஜாக் ஆம்ஸ்ட்ராங் அவருக்குக் கீழே சார்ஜென்ட். அந்தத் தேர்வு தந்த மகிழ்ச்சியை அதற்குப் பின் கிடைத்த எந்த வெற்றியும் தரவில்லை என்று 1859-ல் லிங்கனே எழுதியிருக்கிறார். கேப்டன் பொறுப்பு முடிந்ததும் சாதாரணச் சிப்பாயாக மறுபடி சேர்ந்தார். சண்டையில் இறங்க நேரவில்லை; செத்துக் கிடந்தவர்களைப் புதைக்கும் வேலைதான் வாய்த்தது.

திரும்பி வந்து சட்டமன்றத்துக்கு நின்றார், தோற்றார். ஆனால் அவரைத் தெரிந்த நியூ சேலம் வட்டாரத்தில் விழுந்த 300 வாக்குகளில் 277 அவருக்குத்தான். என்னை அசரவைக்கும் கணக்கு இது. படையில் தோழன், தேர்தலில் வாக்காளன், நாளை கோர்ட்டில் கட்சிக்காரன் என்று எல்லாம் அதே ஆட்கள்தான். அப்படிப்பட்ட ஊரில் ஒருவன் வேஷம் போட முடியாது. 1834-ல் ஜெயித்து, கடன் வாங்கித் தைத்த உடுப்போடு அன்றைய தலைநகரான வான்டேலியாவுக்குப் போனார். யுத்தத்தில் பழக்கமான ஜான் ஸ்டூவர்ட் என்ற வக்கீல்தான் சட்டம் படிக்கச் சொல்லிப் புத்தகங்களையும் கொடுத்தார்.

நான்கு முறை உறுப்பினராக இருந்த அந்தக் காலத்தில் செய்ததெல்லாம் சரி என்று சொல்லமாட்டேன். சாலை, கால்வாய், ரயில் பாதை எல்லாம் ஒரே மூச்சில் போட அவரும் சேர்ந்து நிறைவேற்றிய திட்டம் மாநிலத்தையே கடனில் தள்ளியது. ஆனால் 1837-ஐ மறக்கக்கூடாது. அடிமை ஒழிப்புச் சங்கங்களைக் கண்டித்துச் சட்டமன்றம் கொண்டுவந்த தீர்மானத்துக்கு ஆதரவு 77, எதிர்ப்பு 6. அந்த ஆறு பேரில் லிங்கன் ஒருவர். மார்ச் 3-ஆம் தேதி, டான் ஸ்டோன் என்ற ஒரே ஒரு சக உறுப்பினரோடு சேர்ந்து, அடிமை முறை அநீதி என்று அவைக் குறிப்பிலேயே பதியவைத்தார். ஒழிப்புப் பிரசாரம் தீமையை அதிகமாக்குகிறது என்றும் அதே குறிப்பில் இருக்கிறது. அவ்வளவு தூரம்தான் அன்றைக்கு அவரால் வர முடிந்தது. அவருக்கு வயது 28. அடுத்த தேர்தலில் அதே ஊர்க்காரர்களிடம்தான் போய் நிற்க வேண்டும்.

வக்கீலாகி ஸ்பிரிங்ஃபீல்டில் குடியேறினார். வருஷத்துக்கு இரண்டு தடவை, நீதிபதியோடு வக்கீல்கள் கூட்டமாக ஊர் ஊராகக் கிளம்புவார்கள். குதிரை வண்டி, சேற்றுப் பாதை, சத்திரத்தில் ஒரு கட்டிலுக்கு இரண்டு பேர். பெரும்பாலும் கடன் பாக்கி, நில எல்லை, ஆடுமாட்டுத் தகராறுகள்தான். முக்கியமான காகிதங்களைத் தன் உயரமான தொப்பிக்குள் செருகி வைத்திருப்பார். பல வழக்குகளுக்கு ஐந்து டாலர், பத்து டாலர்தான் பீஸ்.

1841-ல் நான்ஸ் என்ற கறுப்பினப் பெண்ணை விலைபேசி விற்றது செல்லாது என்று வாதாடி ஜெயித்தவர், 1847-ல் ஜேன் பிரையன்ட் என்ற தாயும் பிள்ளைகளும் விடுதலை கேட்டபோது, அவர்களைச் சொந்தம் கொண்டாடிய முதலாளி பக்கம் நின்றார். தோற்றார், அந்தக் குடும்பம் விடுதலையானது. வந்த கட்சிக்காரரைத் தட்டிக்கழிக்கமாட்டார் என்று சிலர் சமாதானம் சொல்கிறார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. அவர் தோற்றதே நல்லது.

1858 மே மாதம், பியர்ட்ஸ்டவுன் கோர்ட். ஜாக் ஆம்ஸ்ட்ராங் இறந்துவிட்டார். அவர் மகன் வில்லியம் மேல் கொலைக் குற்றச்சாட்டு. ஊரார் அவனை டஃப் என்பார்கள். லிங்கன் காசு வாங்காமல் வழக்கை எடுத்துக்கொண்டார். முந்தின ஆகஸ்ட் 29 இரவு, சுமார் பதினொரு மணிக்கு, 150 அடி தூரத்திலிருந்து அடித்ததைப் பார்த்தேன் என்றான் முக்கிய சாட்சி. எப்படித் தெரிந்தது? நிலா வெளிச்சத்தில். நிலா எங்கே இருந்தது? நன்றாக மேலே. லிங்கன் அவசரப்படாமல் அதையே திரும்பத் திரும்பச் சொல்லவைத்தார். பிறகு அந்த வருஷத்துப் பஞ்சாங்கத்தை எடுத்து நீட்டினார். அந்த நேரத்தில் நிலா அடிவானத்தை ஒட்டி, மறையும் தறுவாயில் இருந்தது. கடைசி வாதத்தில் ஆம்ஸ்ட்ராங் வீட்டில் தான் உண்ட சோற்றை ஜூரிகளிடம் எடுத்துச் சொன்னார். டஃப் விடுதலையானான். மறு மாதம்தான் லிங்கன் செனட் வேட்பாளரானார்.

டஃப் பிறகு உள்நாட்டுப் போரில் வடக்குப் படையில் சேர்ந்து நோயாளியானான். 1863 செப்டம்பரில், லட்சக்கணக்கான சிப்பாய்களின் தலைமைத் தளபதியாக இருந்த லிங்கன், உங்கள் பையனைப் படையிலிருந்து விடுவிக்க உத்தரவிட்டுவிட்டேன் என்று ஹானா ஆம்ஸ்ட்ராங்குக்குத் தந்தி அடித்தார்.