முடிவு வரும் வரை

என் தமக்கையின் மார்பிலிருந்து எடுக்கப்பட்ட சிறு சதைத் துணுக்கு, ஃபார்மலினில் ஊறி, பாரஃபின் மெழுகில் பதிந்து, மில்லிமீட்டரில் ஆயிரத்தில் 4 அல்லது 5 பங்கே கனமுள்ள ஏடுகளாகச் சீவப்பட்டு, சாயமேறி, நுண்ணோக்கியின் கீழ் ஒரு நிபுணரின் கண்ணுக்கு வந்து சேரச் சில தினங்கள் ஆகும் என்பதை அறிவு ஒப்புக்கொண்டபோதிலும், ஹிருதயம் ஒப்புக்கொள்ள மறுக்கிறது. கைபேசி ஒலிக்குந்தோறும் வீட்டில் சம்பாஷணை நின்றுவிடுகிறது; அக்காவோ, எங்களுக்குத் தைரியம் சொல்லும் பாரத்தையும் தானே சுமந்துகொண்டு, வழக்கம்போல் கீரை ஆய்கிறாள்.

“ஒன்றும் இராது” என்று அன்பர்கள் சொல்லும் ஆறுதலைக் காட்டிலும், அடுத்த வீட்டு மாமி மாலைதோறும் வந்து, நோயைப் பற்றிப் பேசாமல் அவளுடன் உட்கார்ந்திருப்பதே பேருபகாரமாயிருக்கிறது. வைத்தியர்களிடம் என் பிரார்த்தனை ஒன்றுதான்: முடிவு எந்நாளில், யார் வாயிலாக வரும் என்பதையேனும் முன்கூட்டித் தெளிவாகச் சொல்லிவிடுங்கள்.