கொரியா என்றால் கதவு திறக்கிறது

இன்று கொஞ்சம் சமையல், கொஞ்சம் பழைய நினைவு.

சென்னையில் படிக்கும் பேத்தி விடுமுறைக்குக் கள்ளக்குறிச்சி வந்திருக்கிறாள். கைபேசியில் கொரியத் தொடர்கள் பார்ப்பவள். "தாத்தா, கொரியன் சாசேஜ் பேட்டி வீட்டிலேயே பண்ணலாம்" என்றாள். கொத்திய கறியில் மசாலா சேர்த்துக் குடலில் அடைத்தால் சாசேஜ். அடைக்காமல் வடைபோல் தட்டிச் சுட்டால் பேட்டி. நம் கோலா உருண்டையை அமுக்கித் தட்டையாக்கியது போல. கறி மட்டும் வேறு: பன்றிக்கறி.

எங்கள் வீட்டில் ஆடு, கோழி, மீன் எல்லாம் உண்டு. பன்றிக்கறி நாற்பது ஆண்டுகளில் ஒருநாளும் நுழைந்ததில்லை. ஆனால் கொரியா என்றதும் என் துணைவியார் மறுக்கவில்லை. "தோட்டத்து அடுப்பில் செய்யுங்கள், தோசைக்கல் மட்டும் வேறு" என்றார். அவ்வளவுதான் நிபந்தனை.

செய்முறை இது. அரைக் கிலோ வெண்பன்றிக் கறி. அதில் 350 கிராம் கறி, 150 கிராம் கொழுப்பு. கொழுப்பு குறைந்தால் பேட்டி காய்ந்து உதிரும். கையால் பொடியாகக் கொத்தினோம். சோயா சாஸ் இரண்டு மேசைக்கரண்டி, பூண்டு எட்டுப் பல், இஞ்சி, நாட்டுச் சர்க்கரை ஒரு மேசைக்கரண்டி, மிளகாய்த்தூள், வெங்காயத்தாள். சோயா சாஸிலேயே உப்பு இருப்பதால் தனி உப்பு அரைத் தேக்கரண்டி போதும். கொரியர்கள் ஊற்றுவது வறுத்த எள்ளில் எடுத்த எண்ணெய். நம் செக்கு நல்லெண்ணெய் வறுக்காத எள்ளில் எடுப்பது, அதனால் அந்த வாசம் வராது. ஒரு கைப்பிடி எள்ளை வறுத்து இடித்துச் சேர்த்தோம், வாசம் வந்துவிட்டது. பிடிமானத்துக்குக் குழைய வேகவைத்து ஆறவைத்த சாமைச் சோறு அரைக் கோப்பை.

கறி சில்லென்று இருக்கும்போதே, கையில் ஒட்டும் வரை பிசைய வேண்டும். உப்பும் பிசைதலும் சேர்ந்துதான் கறியின் புரதத்தை இளக்கிப் பசையாக்குகின்றன. ஒரு சிட்டிகை அளவு சுட்டு உப்பு, காரம் பார்த்தபின் மொத்தத்தையும் தட்டுங்கள். நடுவில் கட்டைவிரலால் ஒரு குழி, இல்லையென்றால் உப்பிக்கொள்ளும். மிதமான தீயில், உள்ளே சிவப்பே இல்லாமல் வேக வேண்டும். பன்றிக்கறியில் இது கட்டாயம்.

கொரியாவில் இதற்கு நெருங்கிய பண்டம் தொக்கல்பி. மாட்டு விலா எலும்புக் கறியைக் கொத்தித் தட்டிச் சுடுவது. குவாங்ஜு நகரில் பன்றிக்கறியும் கலப்பார்கள். மிளகாய் அவர்களுக்கும் நமக்கும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து கடல் வழியாக வந்ததுதான். சோற்றையும் கறியையும் இலையில் சுருட்டி உண்பதை அவர்கள் 'ஸ்ஸாம்' என்பார்கள். லெட்டூஸுக்குப் பதில் வெந்நீரில் போட்டெடுத்த கோஸ் இலையில் சுருட்டினோம்.

அந்தச் சாமை வந்த கதையையும் சொல்ல வேண்டும்.

தொண்ணூறுகளில் கல்வராயன் மலையிலிருந்து இறங்கி, விடுதியில் தங்கி என்னிடம் படித்த மாணவன் ஒருவன். பொங்கல் விடுமுறை முடிந்து வந்த அன்று, வீட்டில் என்ன விசேஷம் என்று ஒவ்வொருவராகச் சொன்னார்கள். "பன்னி அடிச்சோம் சார்" என்றான் மகிழ்ச்சியாக. வகுப்பே சிரித்தது. கண்டித்தேன். சிரிப்பு அடங்கியது, பட்டப்பெயர் அடங்கவில்லை. அதன்பின் எந்த விடுமுறைக்குப் போய் வந்தாலும், என்ன சாப்பிட்டாய் என்று கேட்டால் "சாம்பார் சார்" என்பான்.

இப்போது வெள்ளிமலைப் பக்கம் மரவள்ளியும் சாமையும் பயிரிடுகிறான். கள்ளக்குறிச்சி வந்தால் வீட்டுக்கு வராமல் போகமாட்டான். சாமை அவன் கொடுத்ததுதான். அன்றும் வந்திருந்தான். பேத்தி தட்டை நீட்டி, "கொரியன் டிஷ் அண்ணா" என்றாள். இரண்டு சாப்பிட்டான். "நல்லா இருக்கு பாப்பா. எங்க ஊட்டுல இதுக்குக் கொரியான்னு பேரு வைக்கல" என்று சிரித்தான்.

அவன் மகன் ஒன்பதாம் வகுப்பு, விடுதியில் இருக்கிறான். "பையன் அங்க என்னப்பா சொல்றான்?" என்று கேட்டேன். கேள்வி அவனுக்குப் புரிந்தது.

"அவனும் சாம்பார்தான் சார்."

என் துணைவியார் அடுத்த ஈட்டைத் தோட்டத்து அடுப்பில் போடச் சொல்லவில்லை. "வெளியே காத்தடிக்குது, உள்ளே கொண்டு வாங்க" என்றார்.

பணியில் இருக்கும் ஆசிரிய நண்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். இன்றைய பிள்ளைகளில் பலர் கொரியத் தொடரில் பன்றிக்கறியைப் பார்த்து நாக்கு ஊறுகிறவர்கள். அதே கறி மலையில் இருக்கும் ஒரு வீட்டுச் சட்டியிலும் வேகிறது என்று வகுப்பில் ஒருமுறை சொல்லுங்கள். சிரிப்பு வருமுன் சொன்னால் நல்லது.

பன்றிக்கறி உண்ணாதவர்கள் கோழித் தொடைக்கறியில் இதே அளவில் செய்யலாம். செய்து பார்த்துச் சொல்லுங்கள்.