உயரமும் உறுதியும்

காணும் கருவி எதுவாயினும் அது நிற்பதற்கோர் இடம் வேண்டும். வில்லையின் தூய்மையையும் உருப்பெருக்கத்தின் அளவையும் பற்றிப் பேசுவோர் பலர்; அவ்வில்லையைத் தாங்கிநிற்கும் உலோகத்துண்டைப் பற்றிச் சிந்திப்போர் மிகச் சிலரே. துவக்கின்மேற் பொருத்தப்படும் தொலைகாட்டியை அல்லது செம்புள்ளிக் குறிகாட்டியைக் கண்ணின் மட்டத்துக்கு உயர்த்துவதற்காக இடையில் வைக்கப்படும் சிறு தாங்கி, இவ்வாறு புறக்கணிக்கப்படும் பொருள்களுள் ஒன்றாகும். விலையிலும் தோற்றத்திலும் அது அற்பமானது. எனினும், மேலேயுள்ள கருவி சொல்லும் சொல் மெய்யாவதும் பொய்யாவதும் அதன் உறுதியையே பொறுத்துள்ளன.

இத்தாங்கி ஏன் வேண்டப்படுகின்றது என்பதை முதலில் நோக்குதல் தகும். பழைய வேட்டைத் துவக்குகளின் பின்கட்டை கீழ்நோக்கிச் சரிந்திருக்கும். கன்னத்தை அதன்மேற் பதித்தவுடன் கண் குழலுக்குச் சற்றே மேலுள்ள மட்டத்தில் அமைந்துவிடும். 1950களில் ஐக்கிய அமெரிக்காவில் யூஜின் ஸ்ரோனர் வடிவமைத்த றைபிள் இம்மரபிலிருந்து விலகியது. குழலின் மேலுந்துகையைக் குறைக்கும் பொருட்டு அவர் பின்கட்டையைக் குழலின் நேர்கோட்டிலேயே அமைத்தார். இதன் விளைவாகக் கண் குழலுக்கு மிக மேலே நின்றது. குறிகாட்டியும் குழலின் அச்சிலிருந்து ஏறக்குறைய இரண்டரை அங்குலம் உயரவேண்டியதாயிற்று. ஆதியில் துவக்கைத் தூக்குதற்கென அமைந்த கைப்பிடியே அவ்வுயரத்தை வழங்கியது. பின்னாளில் அக்கைப்பிடி நீக்கப்பட்டுத் தட்டையான தண்டவாளம் அமைக்கப்பட்டபோது, அதன்மேல் நேரே வைக்கப்பட்ட சிறு குறிகாட்டி கண்ணுக்கு எட்டாத தாழ்விற் கிடந்தது. கழுத்தை வளைத்தும் கன்னத்தை நசுக்கியும் பார்ப்பவன் விரைவிற் களைப்படைவான். இக்குறையை நீக்கவே உயர்த்தும் தாங்கி தோன்றியது.

ஆயினும் உயரம் விலையின்றிக் கிடைப்பதன்று. பார்வைக்கோடு ஒன்று, குண்டு செல்லும் பாதை மற்றொன்று. தாங்கி உயர உயர இவ்விரண்டுக்கும் இடையிலான தூரம் பெருகுகின்றது. நூறு யார் தொலைவிற் பிழையின்றிச் சுடுமாறு சரிசெய்யப்பட்ட துவக்கு, பத்து யார் தொலைவில் குறிக்கு இரண்டங்குலத்துக்கு மேல் தாழச் சுடும். இதனினும் கவனிக்கத்தக்க ஆபத்தொன்று உண்டு. பாறையொன்றின் மறைவிலே கிடந்து சுடுபவனுக்குத் தொலைகாட்டியின் வழியே இலக்கு தடையின்றித் தெரியும். குழலின் வாயோ அதே பாறையின் விளிம்புக்குக் கீழே இருத்தல் கூடும். கண்ணுக்கு வழி திறந்திருக்கின்றது, குண்டுக்கு அடைபட்டிருக்கின்றது. தெறித்த குண்டும் கற்சிதறலும் எவரைத் தாக்குமென்று சொல்லவியலாது. ஆகவே தேவைக்கு மேற்பட்ட உயரத்தை நாடாதிருத்தலே தாங்கியைத் தெரிவுசெய்வதில் முதல் விதியாகும்.

இரண்டாவது விதி உறுதி பற்றியது. இங்கு எளிய கணக்கொன்று போதும். தாங்கியின் முன்பற்றுக்கும் பின்பற்றுக்கும் இடையே 100 மில்லிமீற்றர் தூரம் உண்டெனக் கொள்வோம். அவற்றுள் ஒன்று பத்திலொரு மில்லிமீற்றர், அதாவது தடித்த தலைமயிர் ஒன்றின் பருமனளவு, உயர்ந்துவிட்டால் தொலைகாட்டி ஆயிரத்திலொரு பங்கு சரிகின்றது. அச்சரிவு 100 மீற்றரில் 10 சென்ரிமீற்றர் வழுவாகின்றது. 200 மீற்றரில் 20 சென்ரிமீற்றர் வழுவாகின்றது. மிச்சிக்கன் முதலிய மாநிலங்களில் நவம்பர் மாதத்துக் குளிரில் வெண்வால் மானைத் தேடிச் செல்லும் வேட்டைக்காரன் ஒருவனுக்கு இவ்வெண்களின் பொருள் நன்கு விளங்கும். அம்மானின் இதயமும் நுரையீரலும் அமைந்த பகுதி ஏறத்தாழ 20 சென்ரிமீற்றர் விட்டமுடையது. அதன் மையத்தைக் குறிவைத்தவனின் குண்டு 20 சென்ரிமீற்றர் விலகுமாயின் வயிற்றிலோ காலிலோ பாயும். விலங்கு உடனே விழுவதில்லை. குருதி சொரிய ஓடிப் புதர்களுக்குள் மறைந்து, சில மணிநேரமோ சில நாள்களோ வருந்தி மடிகின்றது. வேட்டை நன்றா தீதா என்பது வேறு வினா. வேட்டையாடத் துணிந்தவன் அவ்விலங்குக்குச் செலுத்தவேண்டிய குறைந்தபட்சக் கடன் விரைந்த முடிவு ஆகும். தளர்ந்த திருகாணி ஒன்று அக்கடனைத் தவறச் செய்துவிடுகின்றது.

உயர்ந்த தாங்கி எளிதில் தளர்வது ஏன் என்பதற்குப் பௌதிகவியல் விடை தருகின்றது. சுடும்பொழுது துவக்கு பின்னோக்கி உதைக்கின்றது. தொலைகாட்டியோ தன் சடத்துவத்தால் நின்ற இடத்திலேயே நிற்க முயல்கின்றது. இவ்விழுபறியின் விசை தாங்கியின் அடியைத் திருப்ப முனைகின்றது. அத்திருப்பம் விசையையும் உயரத்தையும் பெருக்கி வருவது. உயரம் இருமடங்காயின், அதே விசைக்கு அடிப்பற்று எதிர்க்கவேண்டிய திருப்பமும் இருமடங்காகும். ஒரு தாங்கியின்மேல் இன்னொரு தாங்கியை அடுக்கினாலோ உயரத்தோடு பொருத்துக்களின் தொகையும் பெருகுகின்றது. ஒவ்வொரு பொருத்தும் அசைவுக்கு ஒரு வாயில். எனவே உயரம் தவிர்க்கவியலாதவிடத்து, ஒரே உலோகத்திற் கடையப்பட்டதும் அடி நீண்டதும் பற்றுக்கள் அகன்று நிற்பதுமான தாங்கியே சிறந்தது. பிளாத்திக்குத் தாங்கிகள் இலேசானவை, மலிவானவை; எனினும் வளையும் இயல்பினால் கடும் உதைப்புக்கு ஏற்றவை அல்ல.

தாங்கி எதனைப் பற்றிநிற்கின்றது என்பதும் ஆராயத்தக்கது. வீவரின் பெயரால் வழங்கிய பழைய தண்டவாளத்தைத் தழுவி, நியூ ஜேர்சியிலுள்ள பிக்கற்றினி ஆயுதசாலையின் பெயரால் அறியப்படும் தண்டவாளம் 1995ஆம் ஆண்டு அமெரிக்கப் படைத்துறை நியமமாயிற்று. அதன் குறுக்குத் தவாளிப்புக்கள் 5.23 மில்லிமீற்றர் அகலமுடையன; ஒன்றுக்கொன்று 10.01 மில்லிமீற்றர் இடைவெளியில் அமைந்தன. தாங்கியின் குறுக்காணி இத்தவாளிப்பில் இறங்கி உதைப்பை ஏற்கின்றது. அனுபவசாலிகள் தாங்கியை முன்னோக்கித் தள்ளிப் பிடித்தவாறே திருகாணியை முறுக்குவர். சுடும்போது தொலைகாட்டி நாடும் திசை அதுவேயாதலின், குறுக்காணி முன்சுவரை ஏலவே தொட்டுநின்றால் மேலும் நகர இடமிராது.

2009இல் நேற்றோ அமைப்பு ஏற்றுக்கொண்ட புதிய நியமம் இவ்வகையிற் படிப்பினை மிக்கது. தண்டவாளத்தின் வடிவம் பெரிதும் மாறவில்லை. பழைய துணைக்கருவிகள் அதிலும் பொருந்துவன. மாறியது யாதெனில், தாங்கி எம்மேற்பரப்பை ஆதாரமாகக் கொள்ளவேண்டும் என்னும் கருத்தே. முன்னர் இருபுறத்துச் சாய்ந்த பக்கங்கள் தாங்கியின் நிலையை நிர்ணயித்தன. புதிய நியமமோ தட்டையான மேற்றளத்தை ஆதாரமாக்கியது. சாய்ந்த பக்கங்கள் இழுத்துப்பிடிக்க மட்டுமே பயன்படுகின்றன. இதனால் கழற்றி மீண்டும் பூட்டும்போது கருவி முன்னிருந்த நிலைக்கே திரும்பும் வாய்ப்பு அதிகரிக்கின்றது. இறுகப் பிடிப்பது வேறு, சரியான தளத்தில் அமர்வது வேறு என்பதை இம்மாற்றம் உணர்த்துகின்றது.

திருகாணியை எவ்வளவு முறுக்குவது என்பதிலும் மிதமே வேண்டும். குறைந்தால் தளரும், மிகுந்தால் அலுமினியப் புரிகள் சிதையும், தொலைகாட்டியின் குழாய் நசுங்கும். செய்தவர் குறித்த அளவுக்கு அளவுகாட்டும் முறுக்கியால் முறுக்கி, ஆணித்தலைக்கும் தாங்கிக்கும் குறுக்கே மையால் ஒரு கோடு வரைந்துவிடுதல் நல்ல வழக்கம். அக்கோடு பிளவுபட்டால் ஆணி சுழன்றதென்பது தெரிந்துவிடும். இறுதியாகச் சோதனை: சுட்டு, கழற்றி, மீண்டும் பூட்டிச் சுடுதல். குண்டுகள் முன்பட்ட இடத்திலேயே படுமாயின் தாங்கி நம்பத்தக்கது.

கருவியை உயர்த்தி நிறுத்தும் சிக்கல் துவக்குக்கு மட்டும் உரியதன்று. தமிழ் நிலமும் அதனைக் கண்டுள்ளது. 1802இல் சென்னையில் அடிக்கோட்டை அளந்து இந்தியப் பெரும் முக்கோண அளவையைத் தொடங்கிய வில்லியம் லாம்ரன், 1808இல் காவிரிச் சமவெளியை அடைந்தபோது குன்றேதும் இன்றித் தவித்தார். தென்னையும் பனையும் பார்வையை மறைக்கவே தஞ்சைப் பெரிய கோவிலின் விமானத்தின்மேல் தம் பெருங் கோணமானியை ஏற்ற முயன்றார். கயிறு அறுந்து கருவி சுவரில் மோதிச் சிதைந்தது. அவர் பல வாரங்கள் முயன்று அதனைச் செப்பனிட்டார். பின்வந்த அளவையாளர் சமவெளிகளில் எழுப்பிய கோபுரங்கள் பலவற்றில், கருவி நிற்கும் நடுத்தூணும் மனிதர் நிற்கும் மேடையும் ஒன்றையொன்று தொடாதவாறு அமைக்கப்பட்டன. பார்ப்பவனின் காலடி அதிர்வு பார்க்கும் கருவியை எட்டலாகாது என்பதே அதன் நோக்கம்.

இவற்றையெல்லாம் தொகுத்து நோக்கும்போது ஓர் உண்மை புலனாகின்றது. தாங்கி அசைந்துவிட்ட பின்னரும் தொலைகாட்டியிற் தெரியும் உருவம் மங்குவதில்லை. குறுக்கிழைகள் முன்போலவே கூர்மையாக நிற்கின்றன; இலக்கு முன்போலவே ஒளிர்கின்றது. பார்ப்பவனுக்கு ஐயம் எழக் காரணமேதும் இல்லை. தெளிவு குறையாமலே உண்மை குறைந்துவிடுகின்றது. இக்குறையை வில்லையின் வழியே எவ்வளவு கூர்ந்து நோக்கினும் கண்டுபிடிக்கவியலாது. கண்ணை வில்லையிலிருந்து எடுத்து, குனிந்து, அடியிலுள்ள ஆணியைத் தொட்டுப் பார்ப்பவனே அதனை அறிகின்றான்.